ரேடியோவில் கால்பந்து வர்ணனை வரவில்லையா? ராமநாதபுரம் கரைக்காரர்களுக்கு ஒரு பிழை நீக்கும் வழிமுறை

கால்பந்தை ரேடியோவில் கேட்கிறவர்கள் நம் கரையில் இரண்டு வகை. வீட்டில் டி.வி. சீரியலுக்குப் போய்விட்டதால் போனோடு மொட்டை மாடி ஏறுகிறவர் ஒருவர். சனிக்கிழமை விசைப்படகில் ஏறி ஞாயிறு காலை கரை திரும்புகிறவர் இன்னொருவர். ராமேசுவரம் பக்கம் விசைப்படகுகள் திங்கள், புதன், சனி என்று முறைவைத்துத் தொழிலுக்குப் போவதால், இங்கிலாந்து பிரீமியர் லீக்கின் சனிக்கிழமை ஆட்டங்கள் அவருக்குக் கடலில்தான் வாய்க்கும். இருவரையும் மனதில் வைத்தே இதை எழுதுகிறேன்.

வர்ணனை வரவில்லை என்றதும் கை தானாகப் பெட்டியைத் தட்டும், இல்லாவிட்டால் ஆப்பை அழித்துவிட்டுத் திரும்ப ஏற்றும். கோளாறு பெரும்பாலும் அங்கே இருக்காது. முதலில் நேரத்தைப் பாருங்கள், அடுத்து ஒலிபரப்பு உரிமையை, அப்புறம் அலையை. பெட்டியைக் கடைசியில்தான் சந்தேகப்பட வேண்டும். கீழே உங்கள் புகார் எதுவோ அங்கே நேராகப் போய்விடலாம்.

"சொன்ன நேரத்துக்கு வைத்தேன், பாதி ஆட்டம் முடிந்திருந்தது"

இங்கிலாந்தில் மார்ச் கடைசி ஞாயிறு கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னே தள்ளுவார்கள், அக்டோபர் கடைசி ஞாயிறு பின்னே இழுப்பார்கள். நாம் எதையும் மாற்றுவதில்லை. அதனால் அவர்களுக்கும் நமக்கும் உள்ள இடைவெளி அவர்களின் கோடையில் நாலரை மணி நேரம், குளிர்காலத்தில் ஐந்தரை மணி நேரம்.

கணக்கு இப்படி வரும். அங்கே சனிக்கிழமை மதியம் 3 மணி ஆட்டம் நமக்குக் கோடையில் இரவு 7:30, குளிர்காலத்தில் 8:30. மதியம் 12:30 ஆட்டம் நமக்கு மாலை 5 அல்லது 6. மாலை 5:30 ஆட்டம் இரவு 10 அல்லது 11. இரவு 8 மணி ஆட்டம் நள்ளிரவு தாண்டி 12:30 அல்லது 1:30. குளிர்காலம் முழுக்க 8:30-க்கு வைத்துப் பழகியவர் ஏப்ரல் முதல் வாரத்தில் அதே நேரத்துக்கு வைத்தால், முதல் பாதியும் இடைவேளையும் முடிந்து இரண்டாம் பாதி தொடங்கும் இடத்தில் போய் நிற்பார். ரேடியோ மேல் ஒரு குற்றமும் இல்லை.

ஸ்பெயின், ஜெர்மனி, இத்தாலிக்காரர்களும் அதே ஞாயிற்றுக்கிழமைதான் மாற்றுகிறார்கள். ஐரோப்பாவின் முன்னணி அணிகள் மோதும் சாம்பியன்ஸ் லீக்கில் இன்னொரு சிக்கல் உண்டு. அங்கே செவ்வாய் இரவு 9 மணிக்குத் தொடங்கும் ஆட்டம் நமக்குப் புதன் அதிகாலை 12:30 அல்லது 1:30. "செவ்வாய்க்கிழமை மேட்ச்" என்று படித்துவிட்டுச் செவ்வாய் அதிகாலை அலாரம் வைத்தவர்கள் ஒரு நாள் முன்னாலேயே விழித்துக் கிடப்பார்கள். அலாரத்தைப் புதன் கணக்கில் வையுங்கள்.

"1053 என்று போட்டிருந்தது, வைத்தால் தூத்துக்குடி வருகிறது"

வரத்தான் செய்யும். கால்பந்து வர்ணனைக்குப் பேர்போன இங்கிலாந்து நிலையங்களில் டாக்ஸ்போர்ட்டின் மீடியம் வேவ் எண்கள் 1053, 1089 கிலோஹெர்ட்ஸ். பி.பி.சி. ரேடியோ 5 லைவுக்கு 693, 909. இணையத்தில் தேடினால் இந்த எண்கள்தான் முதலில் கண்ணில் படும். அவை எல்லாம் பிரிட்டனுக்குள் கேட்பதற்கு. 8,000 கிலோமீட்டருக்கு அப்பால் இருக்கும் நமக்கு அவற்றால் பயனில்லை. நம் ஊரில் 1053 என்பது ஆகாசவாணியின் தூத்துக்குடி நிலையம், 200 கிலோவாட் ஒலிபரப்பி. இலங்கைத் தமிழர்களுக்காகவும் அங்கிருந்து ஒலிபரப்பு நடந்திருக்கிறது.

உப்புத் தண்ணீர் மின்சாரத்தை நன்றாகக் கடத்தும். அதனால் தரையை ஒட்டி ஓடும் மீடியம் வேவ் அலை காய்ந்த நிலத்தைவிடக் கடல் மேல் குறைந்த இழப்போடு ஓடும். தூத்துக்குடிக்கும் நமக்கும் இடையில் மன்னார் வளைகுடா கிடப்பதால், மூக்கையூர், வாலிநோக்கம், ஏர்வாடி, கீழக்கரை என்று தெற்குப் பார்த்த ஊர்களில் பட்டப்பகலிலும் 1053 கணீரென்று இருக்கும். அதன் அடியில் லண்டனைத் தேடாதீர்கள்.

இதிலேயே வேறொரு கோளாறும் உண்டு. தூத்துக்குடியும் சரி, எந்த மீடியம் வேவ் நிலையமும் சரி, கரகரவென்று பக்கவாட்டில் கேட்கிறதா? எண் காட்டும் டிஜிட்டல் ரேடியோவா? உறவுக்காரர் அமெரிக்காவிலிருந்து கொண்டுவந்ததா? அமெரிக்கக் கண்டத்தில் மீடியம் வேவ் நிலையங்களை 10 கிலோஹெர்ட்ஸ் இடைவெளியில் அடுக்கியிருக்கிறார்கள், நம் பக்கம் 9. பத்துப் பத்தாகத் தாவும் பெட்டி 1050-இலும் 1060-இலும் நிற்கும், 1053-இல் நிற்காது. பின்பக்கத்திலோ பேட்டரி மூடிக்குள்ளோ 9/10 என்று ஒரு சின்ன சுவிட்ச் இருக்கும், அல்லது ஒரு பட்டனை நீண்ட நேரம் அழுத்தினால் மாறும். வளைகுடா நாடுகளிலிருந்து வந்த பெட்டிக்கு இந்தத் தொல்லை இல்லை, அங்கேயும் 9 தான்.

"ஆப்பில் ஸ்டேஷன் ஓடுகிறது, மேட்ச் தொடங்கியதும் வேறு ஏதோ வருகிறது"

எல்லாரும் மண்டையை உடைத்துக்கொள்ளும் இடம் இதுதான். ஆறு மணிக்குப் பேச்சு வருகிறது, ஏழு மணிக்கு அணிப் பட்டியல் வருகிறது, ஆட்டம் தொடங்கும் நிமிஷத்தில் பாட்டு, பழைய பேட்டி, அல்லது "உங்கள் பகுதியில் இது கிடைக்காது" என்ற அறிவிப்பு. போனில் பழுது இல்லை. ஆட்டத்தின் ஒலி உரிமையையும் நாடு நாடாகத்தான் விற்கிறார்கள். பி.பி.சி. ரேடியோ 5 லைவ் வாங்கி வைத்திருப்பது பிரிட்டனுக்கான உரிமையை. வெளிநாட்டில் இருப்பவருக்கு அந்த நேரம் மட்டும் இணைய ஓடையை (ஸ்ட்ரீம்) மூடிவிடுவார்கள். ஆப்பை அழித்து ஏற்றுவது, போனை அணைத்துப் போடுவது, வேறு சிம் மாற்றுவது எல்லாம் நேர விரயம்.

வி.பி.என். போட்டு லண்டனில் இருப்பதாகக் காட்டலாமே என்று கேட்பீர்கள். அந்த நிலையங்களின் விதிமுறைக்கு அது மாறானது. இலவச வி.பி.என். ஆப்கள் உங்கள் போனில் என்னவெல்லாம் எடுக்கின்றன என்பதும் தெரியாது. நான் பரிந்துரைக்க மாட்டேன். அதைவிட நேரான வழிகள் இருக்கின்றன.

முதலாவது, கால்பந்துக் கழகங்களின் (கிளப்) சொந்த ஒலிபரப்பு. ஐரோப்பியக் கழகங்கள் பலவும் தங்கள் செயலியில் அல்லது இணையதளத்தில் தங்கள் ஆட்டத்துக்குச் சொந்த வர்ணனை தருகின்றன. சிலது இலவசம், சிலதுக்குப் பதிவு மட்டும் போதும், சிலதுக்குக் காசு. பாயர்ன் மியூனிக், டார்ட்மண்ட் இரண்டுக்குமே சொந்த இணைய வானொலி உண்டு, வர்ணனை ஜெர்மனில் இருக்கும். கழக வர்ணனையாளர் நடுநிலையானவர் அல்ல என்பதை மட்டும் மனதில் வையுங்கள். எதிரணிக்குப் பெனால்டி கிடைத்தால் நடுவரைத் திட்டுவது அங்கே வேலையின் ஒரு பகுதி. எனக்கு அது பிடித்தே இருக்கிறது.

இரண்டாவது, பி.பி.சி. உலக சேவையின் ஆங்கில ஒலிபரப்பு. அதன் சனிக்கிழமை 'ஸ்போர்ட்ஸ்வேர்ல்ட்' நிகழ்ச்சியில் பிரீமியர் லீக் ஆட்ட வர்ணனை பல ஆண்டுகளாக வந்திருக்கிறது. 5 லைவ் வேறு, உலக சேவை வேறு. ஒன்று மூடியிருந்தால் மற்றதும் மூடியிருக்கும் என்று முடிவு கட்ட வேண்டாம்.

மூன்றாவது, ஸ்பானிய வானொலி. காடேனா சேர், கோப்பே, ஓண்டா செரோ, ரேடியோ மார்க்கா நான்கும் கால்பந்தில் ஊறிய நிலையங்கள். மொழி தெரியாவிட்டாலும் வீரர் பெயரும் கூட்டத்தின் சத்தமும் வைத்து ஆட்டத்தைத் தொடரலாம். கோல் என்றால் மூச்சு முட்டும்வரை இழுப்பார்கள். ஆனால் ஒரு பொறி இருக்கிறது. காடேனா சேரின் 'காருசெல் டெபோர்ட்டீவோ' 1954 முதல் ஓடுகிற நிகழ்ச்சி. ஒரே நேரத்தில் பல மைதானங்களுக்குத் தாவிக்கொண்டே இருக்கும். இத்தாலியின் ராய் வானொலியில் 1960-இல் தொடங்கிய 'டுட்டோ இல் கால்சியோ மினுட்டோ பெர் மினுட்டோ'வும் அதே ஜாதி. நீங்கள் பார்சிலோனா ஆட்டத்தில் மூழ்கியிருக்க, கோல் என்று கத்துவது செவியா மைதானத்து ஆளாக இருக்கலாம். துள்ளிக் குதிப்பதற்கு முன் ஊர்ப் பெயரைக் கேளுங்கள்.

ஸ்டேஷன் மூடவில்லை, ஆனால் வர்ணனைக்குப் பதில் நாலு பேர் ஸ்டுடியோவில் உட்கார்ந்து "இப்போது ஒரு கோல் விழுந்திருக்கிறது" என்று பேசுகிறார்களா? அந்த நிலையத்திடம் உரிமை இல்லை, டி.வி.யைப் பார்த்துச் செய்தி சொல்கிறார்கள். பின்னணியில் மைதானச் சத்தம் இல்லாவிட்டால் இதுதான் விஷயம். யூடியூபில் நேரலை என்று போட்டிருப்பதிலும் பாதிக் கூத்து உண்டு. வீடியோ கேமில் ஓடும் ஆட்டத்தை வைத்துக்கொண்டு யாரோ கத்திக்கொண்டிருப்பார். வீரர்கள் எல்லாரும் ஒரே மாதிரி ஓடினால் நகர்ந்துவிடுங்கள்.

"நம்ம ஊர் எஃப்.எம்.மில் ஏன் ஒரு மேட்சும் வருவதில்லை?"

இந்தியாவில் தனியார் எஃப்.எம். நிலையங்களுக்கான 2011-ஆம் ஆண்டு மூன்றாம் கட்டக் கொள்கை, விளையாட்டுத் தகவல் சொல்ல அனுமதித்தது. நேரடி ஒலிபரப்புக்கு அனுமதி இல்லை. உள்ளூர் அளவிலான போட்டிகளுக்கு மட்டும் நேர்முக வர்ணனை தரலாம் என்று ஒரு கதவைத் திறந்து வைத்தது. ஆகவே மதுரையிலோ தூத்துக்குடியிலோ உள்ள தனியார் நிலையத்தில் பிரீமியர் லீக்கைத் தேடுவது வீண். கீழக்கரையில் நடக்கும் எழுவர் போட்டியைச் சட்டப்படி அவர்கள் ஒலிபரப்பலாம். செய்கிறார்களா என்பது அவர்கள் விருப்பம்.

பாம்பனில் 90.4-இல் இயங்கும் கடல் ஓசை 2016 ஆகஸ்ட் 15 அன்று மீனவர்களுக்காகத் தொடங்கிய சமுதாய வானொலி. காற்று, அலை, தொழில் பற்றிய விஷயங்களுக்கு அதை வையுங்கள். சமுதாய வானொலியின் சக்தி சட்டப்படியே குறைவு, தீவை விட்டு விலகினால் மங்கும். அதைப் பழுதென்று எண்ண வேண்டாம்.

மிச்சம் இருப்பது ஆகாசவாணி. மாநில அணிகள் மோதும் சந்தோஷ் டிராஃபி போன்ற போட்டிகளுக்கு வர்ணனை கொடுத்திருக்கிறது. கொல்கத்தா நிலையத்தின் வங்காள வர்ணனை பழைய காலத்திலிருந்தே பேர் வாங்கியது, கேரள நிலையங்கள் மலையாளத்தில் தரும்போது நமக்குப் பாதிக்கு மேல் புரியும். இவற்றை நம் கரையில் அலையில் பிடிக்க முடியாது. நியூஸ்ஆன்ஏர் செயலியில் 200-க்கும் மேற்பட்ட ஆகாசவாணி நிலையங்கள் கிடைக்கின்றன, அங்கே போய்த் தேடுங்கள்.

தமிழில்தான் வேண்டும் என்றால் ஒரு குறுக்கு வழி சொல்கிறேன். 2022 கத்தார் உலகக் கோப்பையை ஜியோசினிமா தமிழ் வர்ணனையோடும் கொடுத்தது. அப்படித் தமிழ் ஒலி உள்ள காணொளி கிடைத்தால், தரத்தை ஆகக் குறைந்ததில் வைத்து, போனைக் கவிழ்த்துப் போடுங்கள். ரேடியோ ஆகிவிடும். ஒரே குறை, டி.வி. வர்ணனையாளர் நீங்கள் பார்ப்பதாக நினைத்துக்கொண்டு பல நொடி சும்மா இருப்பார்.

"எஃப்.எம். ஒரே இரைச்சல்"

போனில் கேட்கிறீர்களா? இயர்போன் ஒயர்தான் ஏரியல். ஒயர் இல்லாத புளூடூத் இயர்போனை மாட்டிக்கொண்டு எஃப்.எம். தேடினால் ஒன்றும் வராது. ஒயர் இயர்போனைச் செருகி, ஒலியை ஸ்பீக்கருக்கு மாற்றிக்கொள்ளலாம். ஒயரைச் சுருட்டி வைக்காமல் நீளமாகத் தொங்க விடுங்கள். உங்கள் போனில் எஃப்.எம். ஆப்பே இல்லையென்றால் அந்த வசதியைத் தயாரிப்பாளர் மூடி வைத்திருக்கக்கூடும். புயல், வெள்ள நேரத்துக்கு உதவும் என்று எஃப்.எம். வசதியைத் திறந்து வைக்கும்படி மத்திய மின்னணுத் துறை 2023 ஏப்ரலில் போன் நிறுவனங்களுக்கு அறிவுறுத்தியது. தனுஷ்கோடி 1964-இல் என்ன ஆனது என்று தெரிந்த கரைக்கு இதைச் சொல்லிக் கொடுக்க வேண்டியதில்லை. புதிய போன் வாங்கும்போது கடையிலேயே கேட்டுவிடுங்கள்.

தனி ரேடியோவில் இரைச்சல் என்றால் உயரம்தான் மருந்து. எஃப்.எம். அலை நேர்கோட்டில் போகும், பூமி வளைந்ததும் தலைக்கு மேலே கடந்துவிடும். கொடைக்கானலின் கோடைப் பண்பலை 100.5 தென் மாவட்டங்கள் பலவற்றில் கேட்பதற்குக் காரணம், ஒலிபரப்பி கடல்மட்டத்திலிருந்து 2,000 மீட்டருக்கு மேல் உட்கார்ந்திருப்பது. ராமநாதபுரம் நகரத்துக்கும் அதற்கும் நேர்கோட்டில் ஏறத்தாழ 175 கிலோமீட்டர். மாடியில் கம்பி கட்டினால் அங்கே வாய்ப்பு உண்டு. ராமேசுவரம் தீவு இன்னும் 50 கிலோமீட்டர் தள்ளி, தரையும் தட்டை. அங்கே அதை நம்பி உட்கார வேண்டாம்.

கம்பி கட்டுவது எளிது. 75 சென்டிமீட்டர் நீளத்தில் இரண்டு செம்புக் கம்பி எடுத்து, ஒரு மூங்கில் குச்சியில் நேர்கோட்டில் எதிரெதிராகக் கட்டுங்கள். நடுவில் இரண்டும் தொடக் கூடாது. பழைய டி.வி. கேபிளின் உள் கம்பியை ஒன்றிலும் வெளி வலையை மற்றதிலும் முறுக்கிக் கீழே கொண்டுவந்து, உள் கம்பியை ரேடியோவின் நீளும் ஏரியலில் கிளிப் போடுங்கள். 75 என்பது 100 மெகாஹெர்ட்ஸ் அலையின் நீளத்தில் கால் பங்கு. முறுக்கிய இடத்தில் டேப் நன்றாகச் சுற்றாவிட்டால் உப்புக் காற்று ஒரே மழைக்காலத்தில் பச்சைப் பூத்து விடும். இடி மின்னல் என்றால் கேபிளைக் கழற்றி வெளியே போட்டுவிடுங்கள்.

"நன்றாக வந்தது, திடீரென்று மேலே வேறு ஸ்டேஷன் ஏறிவிட்டது"

காற்றில்லாத வெக்கையான மாலைகளில், குறிப்பாக மழைக்கு முந்தைய மாதங்களில், கடலுக்கு மேல் சூடான காற்று அடுக்கு ஒன்று மூடிபோல் உட்கார்ந்துகொள்ளும். அதற்கும் கடலுக்கும் நடுவே எஃப்.எம். அலை சிக்கிக்கொண்டு, வழக்கமாக எட்டாத தூரத்துக்கு ஓடும். தலைமன்னார் தனுஷ்கோடியிலிருந்து 30 கிலோமீட்டர்தான் என்பதால் இலங்கைத் தமிழ் நிலையங்கள் சாதாரண நாளிலேயே வரும். இந்த மாதிரி நாளில் அதற்கும் தள்ளியிருப்பவை வந்து ஏறும். எஃப்.எம்.மில் இரண்டு நிலையம் ஒரே எண்ணில் மோதினால் பலமானது மற்றதை முழுக்க விழுங்கிவிடும், கலந்து கேட்காது. ஏரியலைப் படுக்க வைத்துத் திசை மாற்றிப் பாருங்கள். கடல் பக்கம் சுவர் வரும்படி பெட்டியை நகர்த்தினாலும் சில சமயம் பழைய நிலையம் திரும்பும். இல்லையென்றால் அன்றைக்கு இணையம்தான்.

"மீடியம் வேவில் உர்ர் என்று ஒரே சத்தம்"

போன் சார்ஜர், எல்.இ.டி. பல்பு, இன்வெர்ட்டர், சோலார் பெட்டி. இந்த நாலில் ஒன்றுதான் திருடன். ஒவ்வொன்றாக அணைத்துப் பாருங்கள். சார்ஜ் போட்டபடியே ரேடியோ கேட்பதுதான் பெரும்பாலும் காரணம், பிளக்கைப் பிடுங்கினால் தீரும். பக்கத்து வீட்டு பல்பு என்றால் அணைக்கச் சொல்ல முடியாது. அதற்குப் பெட்டியைத் திருப்புங்கள். மீடியம் வேவ் ஏரியல் பெட்டிக்குள் கிடக்கும் கறுப்புக் குச்சி. வெளியே நீட்டும் கம்பிக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. அந்தக் குச்சியின் முனை எந்தப் பக்கம் நீட்டுகிறதோ அந்தப் பக்கத்துச் சத்தம் மங்கும். நிலையத்தைப் பார்க்காமல், இரைச்சல் சாகும் கோணத்தைத் தேடித் திருப்புங்கள்.

படகில் இது இன்னும் கஷ்டம். இன்ஜின் ஓடும்போது ஏறி இறங்கும் சிணுங்கல் கேட்டால் அது ஆல்டர்னேட்டர். ரேடியோவைப் படகு பேட்டரியில் இணைக்காமல் சொந்த பேட்டரியில் ஓட்டுங்கள், இன்ஜின் அறையை விட்டுப் படகின் முன்பக்கமான அணியத்துக்குக் கொண்டுபோங்கள். வி.எச்.எஃப். கருவியில் அவசர அழைப்பு வரும் 16-ஆம் சேனலை எந்த மேட்சுக்காகவும் சத்தம் குறைக்க வேண்டாம். ஒரு காதில் மட்டும் இயர்போன்.

"ஷார்ட் வேவில் போன வாரம் வந்தது, இந்த வாரம் காணோம்"

ஷார்ட் வேவ் நிலையங்கள் ஆண்டுக்கு இரண்டு முறை அட்டவணையை மாற்றும். மாற்றும் நாள் எது என்று நினைக்கிறீர்கள்? அதே மார்ச் கடைசி ஞாயிறும் அக்டோபர் கடைசி ஞாயிறும்தான். ஆக ஒரே நாளில் ஆட்ட நேரமும் மாறுகிறது, எண்ணும் மாறுகிறது. ரேடியோ செத்துவிட்டது என்று தோன்றுவது நியாயமே. புதிய அட்டவணையைத் தேடி எடுங்கள். எண் கிடைக்காவிட்டால், பகலில் 15,000 கிலோஹெர்ட்ஸுக்கு மேலேயும் இரவில் 12,000-க்குக் கீழேயும் தடவுங்கள். இருட்டியபின் உயர்ந்த எண்கள் வானத்தில் திரும்பாமல் போய்விடும், தாழ்ந்தவை எட்டும். ஐந்தாறு மீட்டர் ஒயரை ஏரியலில் மாட்டி ஜன்னல் வழியாக வெளியே விட்டால் வித்தியாசம் உடனே தெரியும்.

ஒரு விஷயம். பி.பி.சி.யின் தமிழோசை வந்த இடத்தில் இன்னமும் சில பெரியவர்கள் தேடுகிறார்கள். அது 2017 ஏப்ரல் 30-ஓடு நின்றுவிட்டது.

"சிக்னல் முழுசாக இருக்கிறது, ஆனால் ஓடவில்லை"

தனுஷ்கோடி, அரிச்சல்முனைப் பக்கம் நிற்கிறீர்களா? திரையின் மேலே நெட்வொர்க் பெயரைப் பாருங்கள். இலங்கை நிறுவனத்தின் பெயர் இருந்தால் விடை அதுதான். போன் எதிர்க்கரைக் கோபுரத்துக்குத் தாவிவிட்டது, டேட்டா நின்றுவிட்டது. ரோமிங் திறந்திருந்தால் நிற்காது, பில் ஓடும், அது இன்னும் மோசம். டேட்டா ரோமிங்கை மூடி, நெட்வொர்க் தேர்வைத் தானியங்கியிலிருந்து கையால் தேர்வதற்கு மாற்றி, உங்கள் நிறுவனத்தைத் தேர்ந்தெடுங்கள். கடிகாரம் பற்றிக் கவலை வேண்டாம், 2006 முதல் இலங்கைக்கும் நமக்கும் ஒரே நேரம்.

கரையில்தான் இருக்கிறீர்கள், ஓடி ஓடி நிற்கிறதா? செட்டிங்கில் தரத்தைக் குறையுங்கள். 128 கிலோபிட் ஓடை மணிக்கு 58 எம்.பி. தின்னும், 48 கிலோபிட் ஓடை 22 எம்.பி.தான். பேச்சுக்கு 48 தாராளம். திரை அணைந்ததும் நின்றுவிட்டால் போனின் பேட்டரி சேமிப்பு ஆப்பைக் கொல்கிறது. அந்த ஒரு ஆப்புக்கு மட்டும் பேட்டரிக் கட்டுப்பாட்டை நீக்குங்கள்.

"எனக்குக் கேட்பதற்கு முன்னாலேயே பக்கத்து வீட்டில் கத்துகிறார்கள்"

இணைய ஒலி துண்டு துண்டாகச் சேமித்து வருவதால் அரை நிமிஷம், சில சமயம் அதற்கும் மேல் பின்தங்கும். அலையில் வரும் ரேடியோ கிட்டத்தட்ட உடனுக்குடன். முந்த வழியில்லை. நடுவில் நெட் தடங்கினால் இடைவெளி கூடிக்கொண்டே போகும். இடைவேளையில் நிறுத்தி மறுபடி தொடங்கினால் கூடியது கழியும். வாட்ஸ்அப் குரூப்பை மியூட் செய்யுங்கள். துபாயில் இருக்கும் காக்கா (அண்ணன்) "கோல்டா தம்பி!" என்று ஒரு வரி போட்டால் போதும், அந்த அரை நிமிஷமும் பாழ்.

"பெட்டியில்தான் கோளாறு, நிச்சயம்"

சரி. பேட்டரி மூடியைத் திறங்கள். ஸ்பிரிங்கில் வெள்ளையோ பச்சையோ பூத்திருந்தால், பஞ்சில் கொஞ்சம் எலுமிச்சைச் சாறு அல்லது வினிகர் தொட்டுத் துடைத்து, ஈரம் போகக் காயவிட்டு, பேட்டரியை மாற்றுங்கள். கடற்கரையில் பாதி "செத்த" ரேடியோ இதோடு எழுந்துவிடும். சத்தக் குமிழைத் திருகும்போது கரகரத்தால் பெட்டியை அணைத்துவிட்டு அதை இந்தக் கோடி முதல் அந்தக் கோடி வரை பல தடவை திருகுங்கள். தீராவிட்டால் கான்டாக்ட் கிளீனர் ஒரு பீச்சு. ஏரியல் உப்பில் இறுகியிருந்தால் பலவந்தமாக இழுக்காமல் துடைத்து, துளி மெஷின் எண்ணெய் விடுங்கள். சத்தம் ஏற்றினால் மட்டும் குரல் உடைகிறதென்றால் பேட்டரி இறங்கிவிட்டது.

"தெளிவாகக் கேட்கிறது, பந்து எங்கே என்றுதான் புரியவில்லை"

டி.வி. பார்த்து வளர்ந்த காதுக்கு இது நடக்கும். இதற்கு மருந்து பி.பி.சி.யின் முதல் கால்பந்து வர்ணனையிலேயே உண்டு. 1927 ஜனவரி 22 அன்று லண்டன் ஹைபரி மைதானத்தில் ஆர்சனலும் ஷெஃபீல்டு யுனைடெட்டும் ஆடிய ஆட்டத்தைத்தான் பி.பி.சி. முதன்முதலில் கால்பந்து நேர்முக வர்ணனையாகக் கொடுத்தது. வர்ணித்தவர் டெடி வேக்லம். கேட்பவர்கள் குழம்புவார்கள் என்று மைதானத்தை எட்டுக் கட்டமாகப் பிரித்து எண் போட்ட படத்தை 'ரேடியோ டைம்ஸ்' இதழில் முன்கூட்டியே அச்சிட்டார்கள். வேக்லம் ஆட்டத்தைச் சொல்லச் சொல்ல, இன்னொரு குரல் பந்து இருக்கும் கட்டத்தின் எண்ணைச் சொல்லிக்கொண்டே இருந்தது. ஆட்டம் 1-1 என்று முடிந்தது.

இப்போது எண் சொல்ல யாரும் இல்லை. நீங்களே போட்டுக்கொள்ளலாம். காலண்டர் தாளின் பின்பக்கம் போதும். நீளவாட்டில் நாலு பாகம், குறுக்கே ஒரு கோடு. மேல் வரிசை 1 முதல் 4, கீழ் வரிசை 5 முதல் 8. நல்ல வர்ணனையாளர் தொடக்கத்திலேயே எந்த அணி இடமிருந்து வலமாகத் தாக்குகிறது என்று சொல்லிவிடுவார். அதைத் தவறவிடாதீர்கள். அந்த அணிக்கு ஒரு அம்பு போடுங்கள். நியர் சைடு என்றால் வர்ணனையாளர் உட்கார்ந்திருக்கும் பக்கம், உங்கள் தாளில் கீழ் வரிசை. ஃபார் சைடு மேல் வரிசை. அந்த அணி தாக்கும்போது பந்து ஃபார் சைடில் கார்னர் கொடியை நெருங்குகிறது என்றால் விரல் 4-இல் இருக்க வேண்டும். கொஞ்ச நேரத்தில் விரல் தானாக நகரும், அப்புறம் தாளே தேவைப்படாது.

கூட்டத்தின் சத்தத்தையும் படியுங்கள். மைக் பக்கத்திலேயே இருப்பதால், வர்ணனையாளர் வாய் திறக்கும் முன் சொந்த மைதானத்து ஜனம் சொல்லிவிடும். ஏறிக்கொண்டே போய் வெடித்தால் உள்ளூர் அணி கோல். ஏறிப் பட்டென்று "ஊ" என்று இறங்கினால் கம்பத்துக்கு வெளியே. எங்கோ ஒரு மூலையில் மட்டும் கத்தல், மற்றதெல்லாம் அமைதி என்றால் வந்த அணி போட்டுவிட்டது.

இடைவேளைக்குப் பிறகு அணிகள் பக்கம் மாறும். அம்பை அழித்துத் திருப்பிப் போடுங்கள். கட்ட எண்களைத் தொட வேண்டாம், நியர் சைடும் ஃபார் சைடும் இருந்த இடத்திலேயேதான் இருக்கும்.